ஆள் இருந்த அடையாளம்

அந்த ஆள் தலையணையை எடுத்து முகர்ந்து பார்த்தான். சத்தியமாக. அத்தை கதவோரம் நின்று தன் ரெண்டு கண்ணாலும் பார்த்தாள். காலில் போட்டிருந்த ஷூவைக்கூடக் கழற்றாமல் விறுவிறுவென்று உள்ளே வந்தவன், கட்டில் பக்கம் குனிந்து, ஒரு வயசுப்பிள்ளை தலைவைத்துப் படுக்கிற தலையணையைத் தூக்கி மூக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோய் நன்றாக இழுத்தான். இழுத்துவிட்டு, "சோப்பு வாசனைதான் வருது" என்றான், என்னவோ களவைக் கையும் மெய்யுமாகப் பிடித்துவிட்ட மாதிரி.

"துவைச்சா சோப்பு வாசனைதான் வரும். வேற என்ன வரும்?" என்றாள் அத்தை.

அதையும் எழுதிக்கொண்டான்.

பள்ளிக்கூடம் அனுப்பிய ஆள் அவன். குழந்தை கொடுத்த முகவரியில் நிஜமாகவே குடியிருக்கிறதா என்று வீடு வீடாகப் போய்ப் பார்க்கிறதுக்கென்றே ஓர் உத்தியோகம் இருக்கிறதாம். குளியலறையில் எட்டிப் பார்ப்பது, அழுக்குக் கூடையைக் கிளறுவது, சீப்பை வெளிச்சத்தில் தூக்கிப் பிடிப்பது. தூ, இதெல்லாம் ஒரு பிழைப்பு! வீட்டுக்குப் போய்ச் சாப்பிட உட்காரும்போது அந்தக் கையைப் பார்த்தால் குமட்டாதா?

அத்தை என்றுதான் தலையணைக்குச் சொந்தக்காரியான அந்தப் பெண் அவளைக் கூப்பிடுவாள். நாமும் அப்படியே வைத்துக்கொள்வோம். அத்தையின் தம்பி லாரி ஓட்டுகிறவன். ஏறினால் எப்போது இறங்குவான் என்று அவனுக்கே தெரியாது. பெண்டாட்டி போய்ச் சேர்ந்த பிறகு மகளை முதலில் சித்தி வீட்டில் விட்டான். அங்கே சரிப்படவில்லை, பெரியப்பா வீட்டுக்கு மாற்றினான். அங்கேயும் முகம் சுளித்தார்கள், கூட்டாளி ஒருவன் வீட்டில் கொண்டுபோய் வைத்தான். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு பள்ளிக்கூடம். கடைசியாக அத்தைக்கு மனசு கேட்காமல், "என்னடா இது, பிள்ளையா பார்சலா? கொண்டாந்து எங்கிட்ட விடு" என்று சத்தம்போட்டு வாங்கிக்கொண்டாள். அத்தைக்கும் மாமாவுக்கும் குழந்தை கிடையாது. அந்தக் கதை இங்கே வேண்டாம்.

தெருமுனையிலேயே நல்ல பேர் எடுத்த பள்ளிக்கூடம். பாதி வருஷத்தில் மாறி வருகிற பிள்ளைக்கு இடம் வேண்டுமானால், அந்தப் பள்ளியின் எல்லைக்குள் குடியிருக்க வேண்டும் என்பது விதி. குடியிருக்கிறாள், கொடுத்தார்கள். பழைய பள்ளியில் பேரை அடித்துவிட்டு மாற்றுச் சான்றிதழும் கொடுத்துவிட்டார்கள். பெண் சீருடை போட்டுக்கொண்டு கொஞ்ச வாரம் போய்வந்தாள். கணக்கு டீச்சரைப் பிடித்திருக்கிறது என்றுகூடச் சொன்னாள். அவள் ஒன்றைப் பிடித்திருக்கிறது என்று வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை.

அப்புறம் எவனோ ஒரு புண்ணியவான் மொட்டைக் கடுதாசி போட்டான், அந்தப் பெண் அங்கே குடியில்லை, முகவரியை மட்டும் கடன் வாங்கியிருக்கிறார்கள் என்று. அவ்வளவுதான். சேர்க்கை ரத்து. சான்றிதழையாவது திருப்பிக் கொடுங்கள், வேறு எங்காவது சேர்க்கிறோம் என்றால், "விஷயம் விசாரணையில இருக்கும்மா, குடுக்க முடியாது" என்று இழுத்தடித்தார்கள். பழைய பள்ளியில் பேர் இல்லை, புதுப் பள்ளியில் இடம் இல்லை. அத்தை முறையீட்டுக் குழுவுக்கு மனு போட்டாள். அதற்குப் பதிலாகப் பள்ளிக்கூடம் அனுப்பினதுதான் இந்தத் தலையணை முகர்கிற ஆள். மாமா அவனுக்கு உடனே 'மூக்கு' என்று பேர் வைத்துவிட்டார்.

மூக்கு எழுதிக் கொடுத்த அறிக்கை இரண்டே பக்கம். குளியலறையில் குழந்தையின் பல் பிரஷ் இல்லை. சீப்பில் முடி இல்லை. அழுக்குக் கூடையில் குழந்தையின் துணி இல்லை. படுக்கை பயன்படுத்தப்பட்டதாகத் தெரியவில்லை. ஆகவே, குழந்தை வசிக்கிற அடையாளம் எதுவும் இல்லை.

படித்துவிட்டு அத்தை தலையிலேயே அடித்துக்கொண்டாள். ஏனென்றால் குற்றம் அவளுடையதுதான் என்று நினைத்தாள்.

அத்தைக்கு வேலை ஒரு பெரிய ஓட்டலில். தங்குகிறவர்கள் காலி செய்துவிட்டுப் போன அறைகளைச் சுத்தம் செய்வது. துடைப்பமும் வாளியுமாகச் சேர்ந்தவள், இப்போது ஒரு மாடி முழுக்க அவள் பொறுப்பு. அந்த வேலையின் சூட்சுமமே அடையாளத்தை அழிப்பதுதான். நேற்று ஒருத்தன் அங்கே குறட்டை விட்டிருப்பான், அழுதிருப்பான், வாந்தியெடுத்திருப்பான். இன்றைக்கு வருகிறவன் கதவைத் திறக்கும்போது, உலகம் உண்டான நாளிலிருந்து அங்கே மனுஷனே படுத்ததில்லை என்று தோன்ற வேண்டும். தலையணையில் ஒரு முடி கிடந்தால் போதும், வேலைக்காரப் பெண்களை அத்தை கிழித்துத் தோரணம் கட்டிவிடுவாள். அந்தப் பழக்கம் வீட்டிலும் விடவில்லை. காலையில் எழுந்ததும் விரிப்பை இழுத்துக் கட்டி, குளியலறையைத் துடைத்து, ஈரத் துண்டை மாடிக்கு அனுப்பிவிட்டுத்தான் டீயே குடிப்பாள். "நான் இந்த வீட்டுல குடியிருக்கேங்கறதுக்கே அத்தாட்சி கிடையாது. அந்த ஆள் என்னைக் கேட்டிருந்தா நானும் மாட்டியிருப்பேன்" என்றார் மாமா. அத்தைக்குச் சிரிப்பு வரவில்லை.

விசாரணை ஓர் அலுவலகத்தின் மூன்றாம் மாடியில் நடந்தது. நீள மேசை, சத்தம்போடுகிற ஏசி, குழுவின் மூன்று பேருக்கு முன்னால் ஒரு தட்டு பிஸ்கட். வாசலில் காலையிலிருந்து காத்துக்கிடந்தவர்களுக்குத் தண்ணீர்கூட இல்லை. தலைவர் என்று நடுவில் உட்கார்ந்தவர் பிஸ்கட்டை டீயில் முக்கி முக்கித் தின்றார். ஊறிப்போன துண்டு ஒன்று அறுந்து மனுவின்மேல் விழுந்தது. அதை விரலால் வழித்து வாயில் போட்டுக்கொண்டு, "ம், சொல்லுங்க" என்றார். விரிப்பில் கறை கண்டால் தூக்கம் வராத அத்தைக்கு, அந்த மனுவைப் பிடுங்கித் துடைக்க வேண்டும் போலக் கை பரபரத்தது.

பள்ளிக்கூடத்து வக்கீலுக்கு வாயெல்லாம் பல். "அம்மா, தப்பா எடுத்துக்காதீங்க" என்று ஆரம்பித்து, தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டியதையெல்லாம் வரிசையாகக் கேட்டார். பெண் எந்தப் பக்கம் திரும்பிப் படுப்பாள்? தலைக்குக் குளித்தால் வடிகாலில் ஒரு முடிகூடவா இருக்காது? அவள் இருக்கிற வீட்டில் அவள் வரைந்த படம், அவள் கிறுக்கிய சுவர், எதுவுமே கிடையாதா?

"நான் சுத்தமா வெச்சிருக்கேங்க. என் வேலையே அதுதான்" என்றாள் அத்தை.

"சுத்தம் வேற, ஆளே இல்லாதது வேற இல்லையாம்மா?" என்று அவர் தலைவரைப் பார்த்துச் சிரித்தார். தலைவரும் சிரித்தார். பிஸ்கட் தூள் உதட்டோரம் ஒட்டியிருந்தது.

அத்தைக்கு இலவச சட்ட உதவியில் கிடைத்த வக்கீலம்மா நல்லவள், ஆனால் பாவம், ஜலதோஷம். மூக்கைத் துடைத்துக்கொண்டே எழுந்து, "பொண்ணையே கேட்டுடுங்களேன்" என்றாள். நல்லது செய்கிறதாக நினைத்துத்தான் சொன்னாள்.

பெண் சீருடையில்தான் வந்திருந்தாள். பள்ளிக்கூடம் வெளியே தள்ளிய பிறகும் தினம் காலையில் அதைத்தான் போட்டுக்கொண்டு உட்காருவாள். பள்ளி வக்கீல் குரலில் சர்க்கரையைக் கரைத்துக்கொண்டு, "கண்ணு, பல் தேய்க்கிற பிரஷ்ஷை எங்கம்மா வைப்பே?" என்று கேட்டார்.

பெண் புத்தகப் பையைத் திறந்தாள். உள்ளேயிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பா. டப்பாவுக்குள் பிரஷ்.

"ஏன் பையில?"

"பழக்கம் சார்."

"பாத்தீங்களா! பிரஷ் எங்க போகுதோ அங்கதானே பொண்ணு தூங்குது? இது நடமாடும் பிரஷ்!"

மேசையே குலுங்கிச் சிரித்தது. ஏசியின் சத்தத்தைத் தாண்டி அந்தச் சிரிப்பு கேட்டது. ஒரு பிள்ளையைப் பக்கத்தில் நிற்க வைத்துக்கொண்டு, வயசான மனுஷர்கள், பேரன் பேத்தி எடுத்தவர்கள், ஒரு பல் பிரஷ்ஷைப் பார்த்துச் சிரித்தார்கள். அத்தைக்கு அந்தச் சிரிப்பு குத்தியது. ஆனால் அதற்கு அடியில் இன்னொன்றும் குத்தியது. பிரஷ் அலமாரிக்குள் இருக்கும் என்றுதான் அவளும் இத்தனை நாளாக நினைத்திருந்தாள். பார்த்ததில்லை, கேட்டதுமில்லை.

கடைசியில் குழு ஒரு முடிவுக்கு வந்தது. முன்கூட்டிச் சொல்லாமல் இன்னொரு தடவை வீட்டைப் பார்ப்பார்கள். அதை வைத்துத் தீர்ப்பு.

படி இறங்கும்போது வக்கீலம்மா அத்தையின் காதோரம், "அம்மா, ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. வீட்டைக் கொஞ்சம் அழுக்காக்குங்க" என்றாள்.

"என்னது?"

"மனுஷங்க இருக்கிற மாதிரி."

மாமாவுக்குத் தலைகால் புரியவில்லை. கல்யாணம் ஆன நாளிலிருந்து அவர் கனவு கண்ட காலம் வந்துவிட்டது. சட்டையைக் கழற்றி நாற்காலிமேல் எறிந்தார். செய்தித்தாளைத் தரையில் பரப்பினார். டீ குடித்த டம்ளரைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு, "கோர்ட்டு உத்தரவு" என்றார். அத்தை பல்லைக் கடித்துக்கொண்டாள். குளியலறைத் தரையில் ஈரத் துண்டு கிடந்தது, சோப்பு பெட்டியில் கொழகொழவென்று கரைந்துகொண்டிருந்தது, வடிகாலில் முடிச்சுருள். காலையில் அந்தச் சோப்பைத் தொட்டதும் அவளுக்கு உடம்பெல்லாம் ஊர்ந்தது. வீட்டுக்குள் நடக்கும்போது சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

வேடிக்கை என்னவென்றால், இந்த வேலைக்கு ஒத்துழைக்காத ஒரே ஆள் அந்தப் பெண்தான். அவளுக்காகத்தானே இத்தனையும்! அத்தை போட்ட துண்டை அவள் எடுத்து உலர்த்திவிடுவாள். மாமா பரப்பிய தாளை மடித்துவிடுவாள். அவள் எழுந்துபோன கட்டிலில் ஒரு சுருக்கம் இருக்காது.

"அடியேய், அப்படியே விடுடி. சொல்றேன்ல?"

"பரவாயில்ல அத்தை, நான் எடுத்து வெச்சுடறேன்."

எதற்கும் அந்த ஒரே பதில்தான். தட்டு கழுவ வேண்டாம் என்றாலும் பரவாயில்ல அத்தை, இன்னும் கொஞ்சம் போட்டுக்கொள் என்றாலும் பரவாயில்ல அத்தை. எவ்வளவு பொறுப்பான பிள்ளை என்று அத்தை அதுவரை பெருமைப்பட்டுக்கொண்டிருந்தாள். வேறு வழியில்லாமல் பெண்ணின் அழுக்கையும் அத்தையே தன் கையால் உண்டாக்கினாள். விரிப்பைக் கசக்கினாள். அவள் சீப்பிலிருந்து முடியைத் திரட்டித் தலையணைமேல் போட்டாள். இத்தனை வருஷமாகப் பொறுக்கி எறிந்த முடியை இப்போது பொறுக்கி வைக்க வேண்டியிருக்கிறதே என்று சபித்துக்கொண்டே போட்டாள்.

மூக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியலில் வந்தான். யாரும் பல்கூடத் தேய்க்கவில்லை. அதே ஷூ, தாளை வைத்து எழுதுகிற அதே அட்டை. நேரே குளியலறைக்குப் போய் உட்கார்ந்து, வடிகாலில் இருந்த முடிச்சுருளை ஃபோனில் படம் எடுத்தான். ஒன்று கிட்டத்தில், ஒன்று தூரத்தில். ஈரத் துண்டைத் தொட்டுப் பார்த்தான். குவளையில் மூன்று பிரஷ் இருந்தது, மூன்றாவதை முந்தின வாரம்தான் அத்தை வாங்கி வைத்திருந்தாள். அதன் நுனியைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தான், ஈரமா என்று. ஒரு பிள்ளை வாயில் வைக்கிற பொருளை! அத்தை வாயைத் திறக்கவில்லை. திறந்தால் காரியம் கெட்டுவிடும் என்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

கடைசியாகத் தலையணை. எடுத்தான், இழுத்தான். "ம். இப்ப எண்ணெய் வாசனை வருது."

எழுதினான். அத்தைக்கு அந்த நேரத்தில் அவன்மேல் வந்த அருவருப்பையும் மீறி, சீச்சீ, ஒரு சந்தோஷம் வந்தது. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தாள். மாமா திரும்பி நின்று கண்ணடித்தார்.

மூக்கு போகத் திரும்பியவன், என்ன தோன்றியதோ, குனிந்து கட்டிலுக்கு அடியில் ஃபோன் வெளிச்சத்தை அடித்தான். மாமா தள்ளிவிட்ட டம்ளருக்குப் பின்னால், சுவரோரம், ஒரு பை இருந்தது.

"அது என்ன?"

"என் பை சார்" என்றாள் பெண்.

"எடும்மா. திற."

அவள் இழுத்துத் திறந்தாள். அதற்குள் எல்லாமே இருந்தது. அவளுடைய துணி அத்தனையும் மடித்து, ஒன்றின் மேல் ஒன்றாக, காற்றுப் புகாத மாதிரி. சோப்பு டப்பா, துண்டு, குளிருக்குப் போடுகிற சட்டை, காகிதத்தில் சுற்றிய ஒரு ஜோடி செருப்பு, அத்தை வாங்கிக் கொடுத்த ஹேர்பேண்டு அட்டையிலிருந்துகூடப் பிரிக்காமல். கூடவே அந்தப் பிளாஸ்டிக் டப்பா. குவளையில் இருந்த பிரஷ்ஷை அவள் ஒரு நாளும் தொடவில்லை.

"எங்கியாவது கிளம்பறியாம்மா?"

"இல்ல சார்."

"பின்ன?"

"சொன்னா கிளம்பணும்ல சார்."

மாமாவின் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்றுபோயிற்று. மூக்கு பையைப் படம் எடுத்தான். எழுத ஆரம்பித்தான்.

"என்ன எழுதறீங்க? அது சின்னப் பொண்ணு, ஏதோ பயத்துல வெச்சிருக்கா. அதைப் போய் எழுதுவீங்களா?" என்று அத்தை அவன் முன்னால் போய் நின்றாள்.

"நான் பார்த்ததை எழுதறேம்மா. அதுக்குத்தான் சம்பளம்."

"உங்க வீட்டுல பிள்ளைங்க இல்லியா?"

"வழி விடுங்கம்மா, இன்னும் நாலு வீடு இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான். வாசலில் அவன் ஷூ அச்சு அப்படியே கிடந்தது.

அத்தை தரையிலேயே உட்கார்ந்தாள், அந்த அழுக்கிலேயே. ஓட்டலில் அவளுக்கு ஒரு கணக்கு உண்டு. பெட்டியைப் பிரிக்காமல் வைத்திருக்கிறவன் நாளைக்கே போகிறவன், அவன் அறைக்குக் கூடுதல் துண்டு வைக்க வேண்டாம். அறைக்குள் கால் வைத்ததும் சொல்லிவிடுவாள். முன்பின் தெரியாதவர்களுடைய பெட்டியையெல்லாம் படித்தவள், தன் வீட்டுக் கட்டிலுக்கு அடியில் இருந்ததைப் படிக்கவில்லை. பொறுப்பான பிள்ளையாம், பெருமையாம்! அத்தைக்குத் தன்மேலேயே காறித் துப்ப வேண்டும் போல இருந்தது.

"எப்பலேருந்துடி இப்படி?"

பெண் பையின் ஜிப்பை விரலால் தடவிக்கொண்டே சொன்னாள்: "சித்தி வீட்டுல ஒரு நாள் திடீர்னு அப்பா வந்துட்டாரு. லாரி ரோட்டுல நிக்குது, சீக்கிரம் கிளம்பு, சீக்கிரம் கிளம்புன்னு எல்லாரும் சத்தம் போட்டாங்க. எனக்கு எதுவுமே கிடைக்கல அத்தை. ஒரு கால் செருப்போட ஏறிட்டேன். அதுலேருந்து எடுத்து வெச்சுடுவேன்." பிறகு மெதுவாகச் சேர்த்துக்கொண்டாள்: "நான் கெடுத்துட்டேனா?"

"நீ என்னத்தைக் கெடுத்தே!" என்று அத்தை கத்தின கத்தலில் பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்தது. கத்திக்கொண்டே பையைத் தலைகீழாகக் கவிழ்த்தாள். அழகாக மடித்திருந்ததெல்லாம் பொலபொலவென்று தரையில் கொட்டியது. பெண் பதறிப்போய் எடுக்கக் குனிந்தாள். "தொட்டே, கையை ஒடிச்சுடுவேன்" என்றாள் அத்தை. சொல்லிக்கொண்டே ஒவ்வொரு துணியாக உதறி மடிப்பைக் கலைத்தாள்.

தீர்ப்பு அடுத்த வாரம் வந்தது. மாணவி எந்நேரமும் புறப்படும் நிலையில் தங்கியிருப்பது தெரிகிறது, ஆகவே இது அவருடைய நிரந்தர இல்லம் ஆகாது, சேர்க்கையை ரத்து செய்தது செல்லும். கீழே, மாணவியின் எதிர்காலம் சிறக்கக் குழுவின் வாழ்த்துகள். வாழ்த்துகளாம்! பிஸ்கட் வழித்துத் தின்ற விரலாலேயே கையெழுத்தும் போட்டிருப்பார். ஒரு பிள்ளையை ஊர் ஊராகத் துரத்தி, துரத்தினதால் அவளுக்கு வந்த பயத்தை எடுத்து அவள்மேலேயே சாட்சியாக வைத்து, மறுபடியும் துரத்திவிட்டு, வாழ்த்துகள். அத்தை அந்தத் தாளை விரல் நுனியால் பிடித்துக்கொண்டு நின்றாள், ஓட்டல் குளியலறையில் சில சமயம் கிடக்கிறதைப் பிடிப்பாளே அந்த மாதிரி.

"மேல்முறையீடு போகலாம்மா. ஆனா சொல்லிடறேன், அது முடியறதுக்குள்ள படிப்பு வருஷம் முடிஞ்சுடும். மறுபடியும் வீட்டுக்கு ஆள் அனுப்புவாங்க, மறுபடியும் எல்லாம் நடக்கும்" என்றாள் வக்கீலம்மா.

"முடியட்டும். அனுப்பட்டும். நீங்க போடுங்க."

சான்றிதழ் ஒருவழியாகத் திரும்பி வந்தது. இரண்டு பஸ் மாறிப் போகிற தூரத்தில், யார் எங்கே தூங்குகிறார்கள் என்று கேட்காத ஒரு பள்ளிக்கூடத்தில் பெண்ணைச் சேர்த்தார்கள். அங்கே கணக்கு டீச்சரே கிடையாது, விளையாட்டு வாத்தியார்தான் கணக்கும் நடத்துகிறாராம். மகளைப் பார்க்க வந்த தம்பியிடம் அத்தை அந்தக் காலிப் பையைத் தூக்கிக் கொடுத்தாள். "இதை உன் லாரியில போட்டுக்க. இங்க இதுக்கு வேலையில்ல." அவன் ஒன்றும் புரியாமல் வாங்கிக்கொண்டான். பெண் அந்தப் பை லாரியில் ஏறுகிறவரைக்கும் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

அப்புறமும் ரொம்ப நாளைக்கு அவள் துணியெல்லாம் அலமாரித் தட்டில் ஒரே மூலையில்தான் ஒண்டிக்கொண்டிருந்தது.

மழை பெய்த ஒரு காலை. அத்தை வேலைக்குக் கிளம்பி, வழக்கம்போல எல்லா அறையையும் ஒரு பார்வை பார்த்துக்கொண்டு வந்தாள். பெண்ணின் கட்டில் விரிப்பு சுருண்டு கிடந்தது. அதன் நடுவில், மெத்தைமேல், தலை துவட்டின துண்டு சொதசொதவென்று ஈரத்தோடு.

"ஏண்டி! மெத்தையில போட்டிருக்கே, நாறிப்போகாதா? மனுஷங்க படுக்கிற இடமா இல்லியா இது?"

"அப்புறம் எடுக்கறேன் அத்தை, பஸ் போயிடும்!" என்று வாசலிலிருந்து குரல் வந்தது. கதவு படாரென்று சாத்திக்கொண்டது.

அத்தை துண்டை எடுக்கக் கையை நீட்டினாள். ஈரம் மெத்தைக்குள் இறங்கிக்கொண்டிருந்தது, வாடை அடித்தது, அவளுக்கு உடம்பு கூசியது. நீட்டின கையை இழுத்துக்கொண்டாள். கிடக்கட்டும். வரட்டும் அந்த ஆள். வந்து நல்லா முகர்ந்து பார்க்கட்டும்.